இடம் மாறிய துண்டு

மார்ச் 3, ஞாயிறு

ஸால்ட் ஊர் முழுக்க மழை. நான் வேலை பார்க்கும் மின்சார ஆபீசில் நூறு புகாராவது வந்திருக்கும். நான் எழுதியதில் பாதி தெருப்பெயர் தப்பு. வெள்ளிக்கிழமை எனக்குப் பெண் கேட்கப் போகிறார்கள். வீட்டில் ஏற்கெனவே பெண்டாட்டி தஹானி இருக்கிறாள்.

தஹானிக்கு மூன்று தடவை கலைந்துவிட்டது. அவள் என் பெரியம்மா மகள்; எங்கள் பக்கம் அந்த உறவிலும் கட்டுவார்கள். சொந்த அக்கா மகளென்றும் பார்க்காமல் அம்மா தினம் ஏதாவது சொல்வாள். "ரத்தம் ரொம்ப நெருங்கிப் போச்சுடா, அதான் தங்கல. வெளிய இருந்து ஒருத்தி வரட்டும். புது ரத்தம்."

நான் சரி என்றேனா? இல்லை என்று சொல்லவில்லை. எங்கள் வீட்டில் அதற்குச் சரி என்றுதான் அர்த்தம்.

மார்ச் 5, செவ்வாய்

தலைநகர் அம்மானில் ஆஸ்பத்திரிக்குப் போனோம். போன மாதம் இரண்டு பேருக்கும் எடுத்த ரத்தத்தின் ரிப்போர்ட். தஹானிக்கு ஒன்றுமில்லை. எனக்குத்தான்.

டாக்டரம்மா சொன்னது: "நாலாவது குரோமோசோம்ல ஒரு துண்டு இருபதாவதுக்குப் போயிருக்கு. அங்க இருந்த துண்டு இங்க வந்திருக்கு. எதுவும் குறையல. அதனால உங்களுக்கு ஒரு நோயும் இல்ல."

நோயே இல்லாதவனுக்கு எதற்கு ரிப்போர்ட்? வாய்விட்டே கேட்டேன்.

"வீட்டுச் சாமான் எல்லாம் இருக்கு, அலமாரிதான் மாறியிருக்கு. குழந்தைக்குப் பாதி அலமாரியைத்தான் நீங்க குடுப்பீங்க. அப்ப ஒரு சாமான் அதிகமாப் போயிடும், இன்னொண்ணு குறைஞ்சிடும். அப்படி ஆனா பெரும்பாலும் கரு தங்காது, தங்கினாலும் குறையோட பிறக்கலாம். சில சமயம் சரியாவும் அமையும்."

கல்யாணத்துக்கு முன்னால் அரசாங்கம் கேட்ட ரத்தச் சோதனையில் பாஸாகித்தானே கட்டினேன்? அது தலசீமியா என்கிற பரம்பரை ரத்தச்சோகைக்கு மட்டுமாம். அப்படியானால் உறவில் கட்டியதாலா?

"இல்ல. யாரைக் கட்டியிருந்தாலும் இதேதான்."

யாரைக் கட்டியிருந்தாலும். அப்படியானால் வெள்ளிக்கிழமை—

மார்ச் 6

தஹானி நேற்று வழியெல்லாம் அழுதாள். வீட்டுக்கு வந்து இரண்டு தட்டு சோறு சாப்பிட்டாள். ஏழு வருஷத்தில் அவள் இரண்டாவது தட்டு போட்டு நான் பார்த்ததில்லை.

இன்று சொன்னாள்: "சித்திகிட்ட நான் சொல்லமாட்டேன். ஏழு வருஷம் பேச்சு வாங்கினது நான். சொல்றது உன் வேலை." அப்புறம், "அந்தப் பொண்ணு பாவம்டா" என்றாள்.

என் உடம்பில் எல்லாம் இருக்கிறது, ஆனால் சரியாக இல்லை. இதை அம்மாவிடம் எந்த வார்த்தையில் ஆரம்பிப்பது?

மார்ச் 7

சொல்லவில்லை.

மார்ச் 8, வெள்ளி

பெண் வீட்டுக் கூடத்தில் எங்கள் ஆட்கள் பதினெட்டுப் பேர். மிஃப்லஹ் சித்தப்பா காபிக் கோப்பையை வாங்கி முன்னால் வைத்துக்கொண்டார். கேட்டது கிடைத்தால்தான் குடிப்பார், அதுதான் முறை. பையன் நோய்நொடி இல்லாதவன் என்றார். உண்மைதான், டாக்டரம்மாவே சொன்னாளே. பெண்ணின் அப்பா சிரித்துக்கொண்டே, "உங்க காபியக் குடிங்க" என்றார்.

"குடிக்காதீங்க சித்தப்பா." யார் அது என்று நானும் திரும்பிப் பார்த்தேன். நான்தான்.

"கோளாறு என்கிட்டதான். எந்தப் பொண்ணக் கட்டினாலும் கலையலாம். தஹானி மேல ஒரு தப்பும் இல்ல."

பெண்ணின் அப்பா எழுந்து வந்து என் தோளில் கை வைத்தார், அவ்வளவுதான். காபி ஆறிப்போனது.

காரில் சித்தப்பா: "இத நேத்தே சொல்லித் தொலைச்சிருக்கக் கூடாதா? பதினெட்டுப் பேர இஸ்திரி போட்ட சட்டையோட கிளப்பிக்கிட்டு வந்தேன்."

மார்ச் 9

அம்மா காலையிலிருந்து அடுப்படியை விட்டு வெளியே வரவில்லை. சாயங்காலம் வந்து உட்கார்ந்தாள்.

"அது உனக்கு எங்கிருந்து வந்துச்சு?"

அம்மாவிடமிருந்தோ அப்பாவிடமிருந்தோ வந்திருக்கலாம், என்னிடமே புதிதாக உண்டாகியும் இருக்கலாம் என்றேன்.

"உனக்கு முன்னாடி எனக்கு நாலு போச்சு. உங்கப்பா சாகற வரைக்கும் என் வயித்தத்தான் திட்டினார். என் ரத்தத்தையும் பாக்கச் சொல்லு."

நாலு. முப்பத்தைந்து வருஷம் இவளிடம் சாப்பிட்டிருக்கிறேன், எனக்குத் தெரியாது. தெரிந்தவள்தானே தஹானியை அப்படிப் பேசினாள்? கோபமும் வருகிறது, அழுகையும் வருகிறது. எது யாருக்காக என்று புரியவில்லை.

ஏப்ரல் 2, செவ்வாய்

அம்மாவின் ரிப்போர்ட் வந்துவிட்டது. எல்லாம் அதனதன் இடத்தில். அப்பாவிடமிருந்து வந்திருக்கலாம் என்கிறாள் டாக்டரம்மா. அவர் இல்லாமல் உறுதியாகச் சொல்ல முடியாதாம்.

அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. தஹானியைப் படிக்கச் சொன்னாள். கேட்டுவிட்டு, "இன்னொரு தடவ" என்றாள். தஹானி மறுபடி படித்தாள்.

அம்மா தன் கையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்: "உன்ன நான் பேசினதெல்லாம் அவர் என்னப் பேசினதுதான்டி. வார்த்தகூட மாத்தல."

காகிதத்தை மடிக்கப் போன தஹானி, மறுபடி பிரித்து, யாரும் கேட்காமலே மூன்றாவது தடவை படித்தாள்.