முகம் திருப்பிய அன்னம்

4 மார்ச், செவ்வாய்

பாரிசுக்கு வெளியே ஸ்தேனில் செபஸ்தியாம்பிள்ளை முன்பு நடத்திய கலியாண மண்டபத்தில் 1998இல் ஒரு நீலப்படம் எடுத்திருக்கிறார்கள். அந்தக் காலத்து நீலப்படங்கள் பற்றிப் புத்தகம் எழுதுகிற லூடோவிக் என்ற பிரெஞ்சுக்காரன் இன்று அவரிடம் பேட்டி எடுத்துப் போனான். கண்காட்சியும் வைக்கிறானாம்.

எங்கள் லா சப்பல் தெரு முழுக்க இதே கதை. சனம் சிரிக்கிறதுதான். ஆனால் சிரிக்கிறதுக்கென்றே அவர் கடைக்குள் போய் நிற்கிறது.

என்னிடமும் வந்தார். "என்ன படமெண்டால் என்ன அண்ணை? லைற்றுக்கு மட்டும் தனி லொறி வந்தது. பிலிமிலை எடுத்தவங்கள். பிறகு வந்தவங்கள் மாதிரி ஒரு கட்டிலும் கைக்கமராவும் இல்லை."

கலியாண அலங்காரத்தில் இந்தத் தெருவுக்கு முதலில் வந்தவன் நான். என்னைத் தேடி ஒரு கமராக்காரனும் வந்ததில்லையே.

மனைவி இந்திராதேவி கேட்டாள்: "உங்களுக்கு ஏன் வயிறு எரியுது? நடிக்கக் கூப்பிடேல்லை எண்டோ?"

6 மார்ச்

பொறாமைதான். வேறு பெயர் வைக்க மாட்டேன்.

10 மார்ச், திங்கள்

லூடோவிக் என் கடைக்கே வந்தான். மரியாதையான பெடியன். தொண்ணூறுகளின் கடைசியில்தான் இந்தப் படங்களுக்குக் கடைசியாகப் பெருங்காசு போட்டார்கள் என்றான். கோட்டை வேண்டுமென்றால் கோட்டைக்கே போவார்களாம், கடல் வேண்டுமென்றால் கடலுக்கே. இந்திய அரண்மனை வேண்டியிருந்தபோது செற் போடாமல் ஸ்தேனுக்குப் போயிருக்கிறார்கள். அங்கே இருந்த மணவறையை, தாலி கட்டுகிற மர மேடையை, கண்காட்சிக்குத் தேடுகிறான். செபஸ்தியாம்பிள்ளை எறிந்துவிட்டதாகச் சொன்னாராம். எனக்கு ஏதும் தெரியுமா?

போனில் படம் காட்டினான். ஆட்கள் இல்லை, வெறும் மணவறை. பொன் மாதிரி வெளிச்சம்.

என்னுடையது.

தொழில் தொடங்கியபோது போர்த்துக்கீசத் தச்சனிடம் மணவறையின் இரு பக்கத்துக்கும் என்று ஓர் அன்னத்தின் படத்தைக் கொடுத்து, "இதே மாதிரி இரண்டு" என்றேன். எனக்கு அவ்வளவு பிரெஞ்சுதான். அவன் இரண்டையும் ஒரே பக்கம் பார்க்கச் செய்துவிட்டான். ஒன்று மாப்பிள்ளை பொம்பிளையைப் பார்க்கும், மற்றது முதுகைக் காட்டும். காட்டுகிறதை எப்போதும் மாலையால் மூடிவிடுவேன். சினிமாக்காரர் மாலையைக் கழற்றியிருக்கிறார்கள்.

அந்தக் கூத்துக்கு முகம் திருப்பி நின்றது என் அன்னம் ஒன்றுதான்.

தெரியாது, விசாரிக்கிறேன் என்று சொல்லி அனுப்பினேன். மணவறை ஒபர்வில்லியேயில் என் கிடங்கில் நிற்கிறது.

11 மார்ச்

செபஸ்தியாம்பிள்ளையைப் பிடித்தேன். கோவிலுக்குப் போகாத வேதக்காரருக்கு, கிறிஸ்தவருக்கு, மணவறை எதற்கு என்று 98இலேயே யோசித்திருக்க வேண்டும். ஏழைப் பிள்ளையின் கலியாணம் என்று கேட்டார். வாடகையே வாங்காமல் கொடுத்தேன்.

"அதுவும் ஒரு சோடிதானே அண்ணை," என்றார். பிறகு குரலைத் தணித்தார். "எறிஞ்சுபோட்டன் எண்டது உங்களுக்காகத்தான். அதிலை எத்தினை பேருக்குத் தாலி கட்டினது, யோசியுங்கோ."

யோசிக்காமலா? எங்கள் மகள் சுபாங்கிக்கும் அதிலேதான் கட்டினது. அந்த அல்பம் வரவேற்பறையில் இருக்கிறது. என்னுடையது என்று வாய் திறந்தால் இந்தத் தெருவில் எல்லா வீட்டு அல்பமும் திறக்கும். வாய் திறக்காவிட்டால் பெயர் அவருக்கு.

உடைத்து எரிப்பதா? மனம் வரவில்லை. நல்ல தேக்கு.

12 மார்ச்

அல்பத்தை எடுத்துப் பார்த்தேன். எந்தப் படத்திலும் அந்த அன்னத்தின் முகம் இல்லை. மாலை மட்டும்தான்.

14 மார்ச், வெள்ளி

லூடோவிக்கைக் கிடங்குக்குக் கூப்பிட்டேன். அன்னத்தைத் தொட்டுப் பார்த்துக் கண் கலங்கினான். அது முகம் திருப்பி நிற்பது இயக்குநரின் மேதமை என்று புத்தகத்தில் இரண்டு பக்கம் எழுதியிருக்கிறானாம். படத்திலேயே சிறந்த யோசனை அதுதானாம்.

அது என் தச்சனின் பிழை என்று நாக்கு நுனி வரை வந்தது. விழுங்கினேன். போன கிழமை செபஸ்தியாம்பிள்ளைமேல் எரிந்த வயிறு இன்று முகம் தெரியாத ஓர் இயக்குநர்மேல் எரிகிறது.

பேசி முடித்தது: நாலாயிரம் யூரோ, ஏற்றுகூலி அவர்கள் பொறுப்பு. கண்காட்சிப் பலகையில் செபஸ்தியாம்பிள்ளையின் பெயர், என் பெயர் எங்கும் வராது. அன்னத்தின் மேல் எந்தக் காரணத்துக்கும் மாலை போடக் கூடாது.