பத்து மடங்கு அட்ரினலின்

7 ஆகஸ்ட் 2003, வியாழன்

இன்று மருந்தியல் வகுப்பில் செய்முறைப் பயிற்சிக்கான கம்ப்யூட்டர் நாயைக் கொன்றுவிட்டேன். தசமப் புள்ளியை இடம் மாற்றித் தட்டியதில் அதற்குக் கொடுத்த அட்ரினலின் மருந்து பத்து மடங்காகிவிட்டது. திரையில் ரத்த அழுத்தக் கோடு மேலே பாய்ந்து, அப்படியே கீழே விழுந்து படுத்துவிட்டது.

"என்னுத பாத்து எழுதிக்கடி, பேஜார் வேணாம்" என்றாள் பக்கத்திலிருந்த நஸ்ரின். நான் செத்துப்போன அந்தக் கோட்டையே ரெக்கார்டு நோட்டில் வரைந்தேன்.

துறைத்தலைவர் நோட்டை எல்லாருக்கும் தூக்கிக் காட்டினார். "இன்னாம்மா எஸ்தர், நிஜ நாயா இருந்தா இன்னா பண்ணியிருப்ப?"

"நிஜத்துல பண்ணக் கூடாதுன்னுதானே சார் இங்க பண்றோம்."

வகுப்பே சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. "சரியான கோடு போட்டு எடுத்துட்டு வா. அதுவரைக்கும் கையெழுத்து கிடையாது." கையெழுத்து இல்லாவிட்டால் செய்முறைத் தேர்வு எழுத முடியாது.

எல்லாரும் ஆம்பூர் பஸ்ஸுக்கு ஓடினார்கள். நான் உட்கார்ந்து, சரியான அளவில் மறுபடி செய்து, அடுத்த பக்கத்தில் வரைந்து துறைத்தலைவரிடம் நீட்டினேன்.

"முதல் பக்கத்தைக் கிழிச்சுடு."

"மாட்டேன் சார். அதுவும் நான் பண்ணதுதான்."

என்னையே பார்த்தவர், இரண்டாம் பக்கத்தில் மட்டும் கையெழுத்துப் போட்டார்.

போகட்டும். இனி எந்த மருந்தை அளந்தாலும் புள்ளியை இரண்டு முறை பார்ப்பேன். அதைக் கற்றுக்கொடுத்த பக்கத்தை நான் எதற்குக் கிழிக்க வேண்டும்?