வாய்க்குப் பழகாத பெயர்

சுகுணா,

இன்று திருப்பதி நகராட்சி அலுவலகத்தில் நம் இரண்டாவது பெண்ணுக்குப் பெயர் பதிந்துவிட்டேன். குப்பம்மா.

மூத்தவள் பிறந்தபோதே உன் அம்மா சொன்னார். "குப்பைன்னு பேர் வெச்சா எமன் தொடமாட்டான் மாப்ள." நான் சிரித்தேன். இரவு என்று பொருள்படும் யாமினியைத் தேர்ந்தெடுத்தேன். பதினோரு நாள் அவளை அப்படிக் கூப்பிட்டோம்.

விண்ணப்பத்தை வாங்கிய அம்மாள் சிரிக்கவில்லை. "என் பேர் பெண்ட்டம்மா சார். தெலுங்குல அதுவும் குப்பைதான். எனக்கு மின்னாடி பொறந்த மூணும் பூட்ச்சி. நான் அடுத்த வருஷம் ரிட்டையர் ஆவறேன்."

வீட்டுக்கு வந்ததும், பழகிக்கொள்வதற்காக, காலித் தொட்டிலைப் பார்த்துக் கூப்பிட்டேன். யாமினி என்றுதான் வாயில் வந்தது.

வாய் திருந்தும்வரை, நீயும் குழந்தையும் இருக்கும் சத்தியவேட்டுக்கு வரமாட்டேன். என் குரல் எட்டாத இடத்திலேயே அவள் இருக்கட்டும்.

உன் மகள்களின் அப்பா