பழைய மோட்டாருக்குப் பச்சை ஸ்டிக்கர்

அன்புள்ள அம்மாவுக்கு,

முழங்கால் வலி தேவலையா? அப்பா மாத்திரையை ஒழுங்காகப் போடுகிறாரா? எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை, கோபம்தான் தலைக்கேறி நிற்கிறது.

கரண்டை மிச்சம் பிடிக்கும் மோட்டார் வைத்து, அதற்கு அடையாளமாகப் பச்சை ஸ்டிக்கர் ஒட்டிய ஃபேனுக்கு நம் பக்கம் ஏகக் கிராக்கியாம். கேட்கிற அளவுக்கு எங்கள் கம்பெனியால் செய்து கொடுக்க முடியவில்லை. நேற்று சூப்பர்வைசர் கரண்டைக் குடிக்கும் பழைய மாடல் மோட்டார் மாட்டிய ஃபேன்களைக் கொண்டுவந்து, "இதுலயும் அந்தப் பச்சை ஸ்டிக்கரையே ஒட்டு. உங்க பக்கத்து ஜனங்களுக்கு என்ன தெரியப்போகுது?" என்றார்.

"எங்கம்மாவுக்குத் தெரியும் சார். கரண்ட் பில் ஏறினா வீடு ரெண்டாயிடும்" என்றேன். எல்லாரும் சிரித்தார்கள், அவரைத் தவிர. ஸ்டிக்கரை அந்த ஆள் நெற்றியில் ஒட்டியிருக்க வேண்டும். இன்றிலிருந்து எனக்குக் குடோனில் பெட்டி தூக்கும் வேலை. கவலைப்படாதீர்கள், தொப்பை குறையும்.

நீங்கள் புதிதாக வாங்கிய ஃபேனை ஒரு மணி நேரம் ஓடவிட்டு நிறுத்தி, தம்பியை நடுவில் தொட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். கை சுட்டால் உள்ளே பழைய மோட்டார்தான்; கடைக்காரனைச் சும்மா விடாதீர்கள். அந்தச் சண்டையை ஒரு வார்த்தை விடாமல் எழுதுங்கள். நீங்கள் திட்டிக் கேட்டு எவ்வளவு நாளாகிறது!

லாரி வந்துவிட்டது. நம் பக்கம் போகிற பெட்டிகள். நான்தான் ஏற்ற வேண்டுமாம்.

உங்கள் மகன்