ஆடாத கேமரா

அன்புள்ள அசையாச் சொத்துக்கு,

கட்டடங்களைப் பற்றிய உங்கள் புதுப் படத்தை நானும் அம்மாவும் பார்த்தோம். வழக்கம்போல டிரைபாடை நட்டுவிட்டு நீங்களும் பக்கத்திலேயே வேர்விட்டிருக்கிறீர்கள். அவ்வளவு நேரம் முறைத்துப் பார்த்தால் தண்ணீர்த் தொட்டிக்கே வெட்கம் வந்துவிடும் அப்பா.

அப்புறம் நம் அடுக்ககம் வந்தது. எதிர் நடைபாதையிலிருந்து எடுத்திருக்கிறீர்கள். அம்மா சமையலறை ஜன்னலுக்கு வந்து துண்டை உதறிவிட்டுப் போனாள். பூகம்பத்துக்கும் ஆடாத உங்கள் கேமரா அங்கே ஆடிவிட்டது.

"இவ்வளவு தூரம் வந்த மனுஷனுக்கு மாடி ஏறத் தெரியலையா?" என்றாள் அம்மா.

"லிஃப்ட் ரிப்பேர்னு நெனைச்சிருப்பார்மா."

"நீ ஒண்ணும் அவருக்கு வக்காலத்து வாங்க வேணாம்" என்றவள், அந்த இடத்தையே திரும்பத் திரும்பப் போடச் சொன்னாள்.

நீங்கள் பெட்டியோடு கிளம்பியதைப் பற்றி நாங்கள் இங்கே பேசுவதில்லை. ஆனால் நேற்றிலிருந்து அம்மா தலைவாரிக்கொண்டுதான் ஜன்னலுக்குப் போகிறாள். முதலில் எதிர் நடைபாதையைப் பார்க்கிறாள், பிறகுதான் துண்டை உதறுகிறாள். ஒரே துண்டை எத்தனை முறைதான் உதறுவாள், பாவம்.

நான் தள்ளியே நிற்கிறேன். குறுக்கே போகாமல் பார்த்துக்கொண்டிருப்பது நீங்கள் சொல்லிக்கொடுத்த தொழில்தானே.

நீங்கள் மட்டும் குறுக்கே வரலாம். லிஃப்ட் நன்றாகத்தான் ஓடுகிறது.

இப்படிக்கு,
உங்கள் அசையும் சொத்து