உப்புப் பூத்த வண்ணம்

அக்கா,

மறுபடியும் கச்சான் அடிக்கத் தொடங்கிவிட்டது. மேற்கேயிருந்து வரும் அந்தக் காய்ந்த காற்றில் உப்பளத்துத் தூசி வாசனை வந்ததுமே எழுந்துபோய்ச் சன்னலைச் சாத்தினேன். அம்மாவும் அப்பாவும் தூங்கிவிட்டார்கள். அரிக்கேன் விளக்கின் திரியை இறக்கிவைத்து எழுதுகிறேன். யாராவது விழித்துக் கேட்டால் பூகோளப் பாடம் என்று சொல்லிவிடுவேன்.

எழுதாவிட்டால் நானும் உன்னை மறந்துவிடுவேனோ என்று பயமாக இருக்கிறது. நீ சிரித்தால் எந்தக் கன்னத்தில் குழி விழும் என்று இன்று வகுப்பில் யோசித்தேன். சட்டென்று நினைவுக்கு வரவில்லை. அழுகை வந்துவிட்டது. டீச்சரிடம் வயிற்றுவலி என்றேன்.

ஸ்டுடியோவில் கறுப்பு வெள்ளைப் படங்களுக்கு வண்ணம் பூசும் வேலைக்கு நீ போய்க்கொண்டிருந்தாய். சிப்பி போல மினுங்கும் கைப்பிடி வைத்த பிரஷ் ஒன்று அங்கே பழைய பெட்டியில் கிடந்தது என்று வீட்டுக்குக் கொண்டுவந்தாய். முதன்முதலில் அதை எடுத்து எதிர்வீட்டுச் சித்தியின் கல்யாணப் படத்தில் பந்தலுக்கு மஞ்சள் பூசினாய். அடுத்த நிமிடம் முக்காலியில் நீ இல்லை. நான் அலற வாயைத் திறப்பதற்குள் வந்து நின்றாய், கை நிறையப் பூந்தியோடு.

“ஏளா, தின்னு. எட்டு வருசத்துப் பூந்தி. ஊசிப்போகல, பாத்தியா?”

“பேயா பிசாசான்னு தெரியாம இதத் திங்கச் சொல்லுதியே!”

“பேயி நெய்யிலயா பொரிக்கும்?”

பூசிய வண்ணம் ஈரமாக இருக்கும்வரை, படம் எடுத்த பொழுதுக்குள் போய்வரலாம். காய்வதற்குள் திரும்பிவிட வேண்டும். ஒரு படத்துக்கு ஒரு தடவைதான். இதையெல்லாம் நீ விளையாட்டாகவே கண்டுபிடித்தாய். நாம் இரண்டு பேரும் யாரிடமும் மூச்சுவிடவில்லை.

பிறகு அப்பா செத்துப்போனார். அவர் இப்போது பக்கத்து அறையில் குறட்டை விட்டுக்கொண்டிருக்கிறார். ஆனாலும் அது நடந்தது. காதுவலியோடு சங்கு குளிக்கப் போனார். வள்ளத்தில் இருந்தவர்கள் இழுத்தபோது கயிறு மட்டும் வந்தது. கோயிலில் துக்கமணி அடித்ததும், அம்மாவை நீ ஒரு பக்கமும் நான் ஒரு பக்கமும் தாங்கிப் போனதும் எனக்கு மட்டும்தான் தெரியும்.

அன்று காலை கரையில் வள்ளத்துக்குப் பக்கத்தில் அப்பா நிற்பதை ஸ்டுடியோக்காரர் படம் எடுத்திருந்தார். அதை நீ கொண்டுவந்தாய்.

“நான் போயி அப்பாவத் தடுத்துருதேன்.”

“வாரதுக்குள்ள காஞ்சிட்டுன்னா?”

“கொண்டல் காத்துல்லா அடிக்கி. கடத்தண்ணியில கொழச்சிப் பூசினா எங்கன காயும்? அப்பா வேட்டி ராத்திரி பூராக் கொடியில கெடந்தும் நசநசன்னுதானே இருக்கும்?”

எனக்கும் அது சரியாகத்தான் பட்டது. கடலிலிருந்து வரும் ஈரக்காற்றில் உப்புப் பட்ட எதுவும் காயாது என்று இந்தக் கரையில் எல்லோருக்கும் தெரியும். அப்பாவின் சட்டைக்கு நீலம் பூசினாய். “இதப் பிடிச்சிக்க” என்று பிரஷை என் கையில் தந்தாய். போய்விட்டாய்.

கொஞ்ச நேரத்தில் சன்னல் கதவு மறுபக்கமாக அடித்தது. காற்று திரும்பிவிட்டது. கச்சானில் உப்பு ஈரத்தைப் பிடித்து வைக்காது, பூத்துவிடும். உப்பளத்துக்காரர்கள் வேண்டிக் காத்திருக்கும் காற்று அது. நான் சன்னலைச் சாத்தினேன். படத்தின் மேல் வாய் ஆவியை ஊதினேன். ஈரத்துணியை மேலே பிடித்தேன். என் கண்ணெதிரே நீலத்தில் வெள்ளை வெள்ளையாக உப்புப் பூத்தது.

வாசலில் செருப்புச் சத்தம் கேட்டது. அப்பா வந்தார். கையில் ஒரு சீலா மீன்.

“என்னளா, பேயறைஞ்ச மாரி நிக்க?”

அவரைக் கட்டிக்கொண்டு அழுதேன். பிறகு, “அக்கா எங்க?” என்றேன்.

அம்மா அடுப்பைவிட்டு எட்டிப் பார்த்தாள். “ஒனக்கு ஏதுளா அக்கா? ஒத்தப் பிள்ளையப் பெத்துட்டே நான் படுத பாடு போதாதா?”

அப்பா விழுந்து விழுந்து சிரித்தார். உன் பாய் இல்லை, தாவணிகள் இல்லை. பிரஷ் என் கையில் இருந்ததால்தான் எனக்கு மட்டும் எல்லாம் நினைவிருக்கிறதோ என்னவோ.

நாம் இரண்டு பேரும் ஸ்டுடியோவில் எடுத்துக்கொண்ட படம் இருக்கிறதே, அதில் இப்போது நான் மட்டும் நிற்கிறேன். என் கை உன் தோள் இருந்த இடத்தில் வெறும் காற்றில் கிடக்கிறது. அது அப்பா இறந்த மறுவாரம், நீ அப்பா படத்துக்குள் போவதற்கு முன்னால் எடுத்த படம். அதற்கு வண்ணம் பூசினால் அந்த நாளுக்குப் போகலாம். “அப்பா படத்தத் தொடாத” என்று உன்னிடம் சொல்லலாம். நீ இருப்பாய். அப்பா இருக்க மாட்டார். இந்த யோசனை வந்ததிலிருந்து அப்பா முகத்தைப் பார்க்கவே எனக்குப் பயம். இன்று சாயங்காலம் கிண்ணத்தில் வண்ணத்தைக் குழைத்தும்விட்டேன்.

அப்போதுதான் ஜெபமாலைக்குக் கூப்பிட்டார்கள். முடிந்து எழுந்திருக்கும்போது அப்பா, “இன்னொரு மங்கள வார்த்த ஜெபம் சொல்லுவோம்” என்றார்.

“யாருக்கு?” என்றாள் அம்மா.

“காதுவலியோட நான் வள்ளத்துல ஏறப் போனேம்லா, அன்னைக்கு ஒரு பொம்பளப் பிள்ள ஓடியாந்து கையப் பிடிச்சிட்டு. போகாதீங்க, போகாதீங்கன்னு ஒரே அழுக. விரலெல்லாம் நீலச் சாயம், உப்புப் பூத்துக் கெடந்துச்சு. வள்ளம் போன பெறவும் விடல. ‘நீ போளா, ஒன்னத் தேடுவாவ’ன்னேன். ‘இன்னும் கொஞ்ச நேரம்’னு சொல்லிச்சு. திரும்பிப் பாத்தா ஆளக் காணோம்.” அப்பா தன் மணிக்கட்டைத் தடவிக்கொண்டார். “யாரு பெத்த பிள்ளையோ. எங்கன இருந்தாலும் நல்லா இருக்கணும்.”

விரலில் நீலம் காய்ந்து பூத்தபோதே உனக்கு இங்கே காற்று திரும்பியது தெரிந்திருக்கும், அக்கா. கரையில் நின்ற உனக்குத் தெரியவில்லை என்றுதான் இத்தனை நாளும் நினைத்திருந்தேன். அப்பாவின் கையை விட உனக்கு மனம் வரவில்லை.

கிண்ணத்தைக் கொல்லையில் கழுவி ஊற்றிவிட்டேன். பயம் போகவில்லை. ஆனால் அந்தப் படத்தை நான் தொட மாட்டேன். இனி தினமும் அந்த ஜெபம் உண்டு என்று அப்பா சொல்லிவிட்டார். அவர்கள் “அந்தப் பிள்ளைக்காக” என்பார்கள். நான் மட்டும் உதட்டுக்குள் உன் பெயரைச் சொல்லிக்கொள்வேன்.