எனக்காக இஸ்மான் அழுத அழுகை

மாஸ்கோவில் இருக்கும் மகள் புருலுக்கு அப்பா எழுதுவது. இங்கே நான் நலம், ஆடுகள் நலம், உன் அம்மாவின் வாயும் குறைவில்லாமல் நலம். நீயும் வேளைக்குச் சாப்பிட்டு நலமாக இருக்க வேண்டும்.

தயாரிப்பு நிர்வாகியாக உனக்கு இது முதல் படம், அந்தச் சாவுக் காட்சி கிடைக்காவிட்டால் ஸ்டுடியோவில் படத்தையே நிறுத்திவிடுவார்கள் என்று எழுதியிருந்தாயே, அதைப் படித்ததிலிருந்து உன் அம்மாவுக்குத் தூக்கமில்லை, நான் தூங்கினேன். உன் ஆட்கள் மேய்ச்சல் நிலத்தில் சாவுக் கூடாரம் போட்டுவிட்டார்கள், ஆனால் அழுவதற்கு ஊரில் ஒருவனும் வரவில்லை, சாகாதவனுக்கு அழுதால் வீட்டில் நிஜமாகவே சாவு விழும் என்று பயம். பிணமாகப் படுக்க வந்த நடிகனோ புளித்த குதிரைப்பாலைக் குடித்துவிட்டுக் குறட்டை விடுகிறான். பனி விழுந்தால் கணவாயில் லாரி இறங்காது, கிளம்பலாம் என்று இயக்குநர் பையன் மூட்டை கட்ட ஆரம்பித்தான். என் மகள் பிழைப்பு போய்விடுமே என்று நானே உள்ளே போய்ப் படுத்துக்கொண்டேன், லாரி டிரைவர்கள் செத்தவனின் சொந்தக்காரர்கள் மாதிரி நீள அங்கி மாட்டிக்கொண்டு கோலை ஊன்றி வாசலில் நின்றார்கள், ஒருத்தனுக்கும் கண்ணீர் வரவில்லை.

அப்போது பார்த்து மந்தையோடு மலையிறங்கி வந்தான் இஸ்மான், என் ஜென்மப் பகையாளி. நம் வழக்கம்தான் உனக்குத் தெரியுமே, சாவுக் கூடாரத்தைக் கண்டால் முதலில் கதறிக்கொண்டே குதிரையை விரட்டி வர வேண்டும், யார் என்று அப்புறம்தான் கேட்க வேண்டும். அவன் கதறுவதைக் கேட்டு, வரமாட்டோம் என்றவர்களெல்லாம் சாவு நிஜம்தான் என்று நினைத்துப் பின்னாலேயே ஓடிவந்தார்கள். உள்ளே யார் என்று இஸ்மான் கேட்க, டிரைவர் வெகுளியாக, படுத்திருப்பது ஜுமகுல் என்று உள்ளதைச் சொல்லிவிட்டான். அவ்வளவுதான், இஸ்மான் கூடாரத்தைப் பிடித்துக்கொண்டு,

“டே ஜுமகுல், என் சிங்கமே, போயிட்டியேடா. அன்னிக்குக் குதிரை மேல ஆட்டைப் பறிக்கிற பந்தயத்துல ஜெயிச்சது நீதான்டா. நான்தான் வாய் கூசாம ஊரெல்லாம் பொய் சொல்லிட்டுத் திரிஞ்சேன்”

என்று அழுதான். நீ பிறப்பதற்கு முந்திய சண்டை அது. எழுந்து போய், இன்னொரு தடவை சொல்லுடா என்று கேட்க என் உடம்பெல்லாம் துடித்தது, ஆனால் வாசல் வழியாகக் கேமரா என் காலைப் பார்த்துக்கொண்டிருந்தது. கட்டைவிரலில் ஈ உட்கார்ந்தும் நான் அசையவில்லை, உனக்காகத்தான்.

காட்சி முடிந்து நான் வெளியே வந்ததும் இஸ்மான் கோலைத் தூக்கிக்கொண்டு கூடாரத்தைச் சுற்றி விரட்டினான், அதையும் உன் இயக்குநர் எடுத்திருக்கிறான், வெட்டிவிடு. அழுதவர்களைச் சும்மா அனுப்ப முடியுமா, கொழுத்த கிடாவை அடித்தேன். இஸ்மான் இரண்டு ஆள் சாப்பாடு சாப்பிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டு சொன்னான்:

“இவனுக்கு அழ வேண்டியத அழுதாச்சு. இனிமே நிஜமாச் செத்தாலும் நான் வரமாட்டேன்.”

சொன்னால் சொன்னதுதான், அவன் கழுதைப் பிடிவாதம் ஊருக்கே தெரியும். அதனால் மகளே, அந்தப் படச்சுருளைக் கெடாமல் கழுவச் சொல். உன் பாதை வெள்ளையாக இருக்கட்டும், கைபட்ட வேலை துலங்கட்டும். கம்பளிக் காலுறை போடாமல் வெளியே போகாதே. இன்னொன்றை மறந்துவிடாதே, நான் போகிற அன்றைக்கு எவ்வளவு வேலை இருந்தாலும் அந்தப் படத்தையும் திரையையும் தூக்கிக்கொண்டு வந்துவிடு, இஸ்மான் அழாமல் நான் குழிக்குள் இறங்கமாட்டேன்.

இப்போதைக்கு உயிரோடு இருக்கும்
உன் அப்பா ஜுமகுல்